வாசிக்க வேண்டிய பக்கம்

தேவாலயத்து மணி எட்டு முறை அடித்து, அதன் ரீங்காரமும் அடங்கியபோது சதுக்கத்தில் கூடியிருந்த முந்நூறு பேரும் சிலையாக நின்றார்கள், அவர்களோடு ரைனியர் ஹாக்ஸ்மாவும் நின்றார். இரண்டு நிமிடம். மே நான்காம் தேதி மாலை எட்டு மணிக்கு, போரில் செத்தவர்களுக்காக, வருடா வருடம் நெதர்லாந்து முழுக்க இப்படி இரண்டு நிமிடம் நின்றுவிடும். ரயில் நிற்கும், டிராம் நிற்கும், நெடுஞ்சாலையில் லாரிக்காரர்கள் ஓரம் கட்டி இன்ஜினை அணைப்பார்கள். ஐசல் ஆற்றங்கரையில் இருக்கும் இந்தச் சின்ன ஊரில் நிறுத்துவதற்கு அவ்வளவெல்லாம் எதுவும் இல்லை, பாலத்தின் மேல் ஒரு சைக்கிள் வந்துகொண்டிருந்தது, அதன் சங்கிலிச் சத்தம் நின்றது, அவ்வளவுதான். வெயில் இன்னும் கூரைகளை விட்டு இறங்கவில்லை. அரைக்கம்பத்தில் பறந்த கொடியின் கயிறு மட்டும் கம்பத்தில் டக், டக் என்று மோதிக்கொண்டிருந்தது, அதற்கு யாரும் சொல்லவில்லை போல. இந்த இரண்டு நிமிடமும் அதற்குப் பின் தேசிய கீதமும் முடிந்ததும் மேயர் அம்மாள் அவரைப் பார்த்துத் தலையசைப்பார், அவர் மைக் முன்னால் போய், கோட்டுப் பையில் இருக்கும் ஒற்றைத் தாளை எடுத்து வாசிக்க வேண்டும். அவரே எழுதியதுதான். பத்து வருடம் முன்பு அப்பாவைப் பற்றி எழுதிய புத்தகத்தில் நாற்பத்தோராம் பக்கம். ஒன்பது மே மாதங்களில் இதே நினைவுக் கல் முன்னால், இதே மைக்கில், தொண்டையை ஒருமுறைகூடச் செருமாமல் வாசித்த பக்கம். அதில் எழுதியிருப்பது பொய் என்று போன வாரம் செவ்வாய்க்கிழமை மத்தியானம் வரைக்கும் அவருக்குத் தெரியாது.

இடது கைக்குள் ஹெட்டி நோவாக்கின் கை கோத்திருந்தது. புதுக் கோட்டு போட்டிருந்தாள், சாம்பல் நிறம், அதிலிருந்து கடையின் வாசனைகூட இன்னும் போகவில்லை. எழுபது வயது அவளுக்கு, அவரைவிட இரண்டு வயது மூத்தவள். ஹார்லெமிலிருந்து இரண்டு ரயில் மாறி ஒவ்வொரு மே மாதமும் வருகிறாள், வந்து, ஒன்றும் பேசாமல், அவர் கைக்குள் தன் கையை இப்படி நுழைத்துக்கொள்கிறாள், ஏதோ அது அவளுக்கென்று ஒதுக்கிவைத்த இடம் மாதிரி. அவள் கை எடையே இல்லாமல் இருந்தது. அந்த எடையில்லாததுதான் தோள்வரைக்கும் இழுத்தது. அவர் எழுதியபடி பார்த்தால் அவள் உயிரோடு இருப்பதற்கு அவருடைய அப்பாதான் காரணம். நாற்பத்தோராம் பக்கத்தில், ஆயிரத்துத் தொள்ளாயிரத்து நாற்பத்திரண்டாம் வருடம் அக்டோபரில் ஒரு வெள்ளிக்கிழமை மாலை, நகராட்சியில் பதிவேட்டு குமாஸ்தாவாக இருந்த தியோ ஹாக்ஸ்மா ஒரு குடியிருப்புப் பதிவு அட்டையைச் சட்டைக்குள் ஒளித்து வீட்டுக்குக் கொண்டுவந்து கணப்படுப்பில் போட்டு எரிக்கிறார். யூதர்களான நோவாக் வீட்டின் கடைசிக் குழந்தை, ஆறு வயது ஹெட்டியின் அட்டை. அட்டை இல்லாத குழந்தையை யாரும் தேட மாட்டார்கள். அவளுடைய அப்பா, அம்மா, அண்ணன் மூன்று பேரையும் கொண்டுபோனார்கள், ஜெர்மன்காரன் அனுப்பிய ரயிலில் ஏற்றினார்கள், அவர்கள் திரும்பவில்லை. ஹெட்டி மட்டும் வடக்கே ஒரு பண்ணை வீட்டில் வேறு பெயரோடு பிழைத்துக்கொண்டாள். அந்தப் புத்தகம் வந்த வருடம் அவரைத் தேடிக்கொண்டு அவருடைய வீட்டு வாசலுக்கு வந்து, மழையில் நனைந்த குடையைக்கூட மடக்காமல், "உங்கள் அப்பாவின் கல்லறை எங்கே இருக்கிறது?" என்றுதான் முதலில் கேட்டாள். அவரே கூட்டிக்கொண்டு போய்க் காட்டினார். பூ வைத்தாள். அய்யோ, பூ வைத்தாள் என்று இப்போது நினைத்தார், அவளை அழைத்துக்கொண்டு போய் அங்கே பூ வைக்க விட்டேன்.

எத்தனை நொடி ஆகியிருக்கும்? இருபது இருக்கும். மேடையில் நான்கு நொடி மௌனமே அதிகம், ஆறு நொடி போனால் வசனம் மறந்துவிட்டது என்று பின்வரிசைக்காரன் புரிந்துகொள்வான். நாற்பத்தைந்து வருடம் நடித்த உடம்புக்கு நொடி தெரியும், மணிக்கட்டைப் பார்க்க வேண்டியதில்லை. எங்கோ ஒரு குழந்தை சிணுங்கி அடங்கியது. லிண்டன் மரத்தில் ஒரு கரும்பறவை பாட ஆரம்பித்தது, அது பாட்டுக்கு ஏற்றி இறக்கிப் பாடியது. செவ்வாய்க்கிழமையும் ஆவணக் காப்பகத்தின் ஜன்னலுக்கு வெளியே ஏதோ ஒரு பறவை கத்தியது. அங்கே வேலை செய்யும் ஹிலேன் என்ற பெண், முப்பது முப்பத்தைந்து இருக்கும், காபியைக் கொண்டுவந்து வைத்துவிட்டு உட்காராமலே நின்றாள். "மெனேர் ஹாக்ஸ்மா, பழைய போலீஸ் பெட்டிகளை இந்த வருடம்தான் பிரித்து வரிசைப்படுத்துகிறோம்," என்றாள். "இதை நீங்கள் செய்தித்தாளில் பார்ப்பதைவிட இங்கே பார்ப்பது நல்லது என்று நினைத்தேன்." பிறகு ஒரு நகலை மேசைமேல் தள்ளினாள். நான்கே வரி, தட்டச்சில் அடித்தது. நகராட்சிப் பதிவேட்டு அலுவலகத்திலிருந்து காவல் துறைக்கு. மேற்படி முகவரியில் பதிவாகியிருப்போர் நால்வர், அழைத்துச் செல்லப்பட்டோர் மூவர் என்று அறிகிறேன். ஆறு வயதுச் சிறுமி ஹெட்டி எங்கே என்பது விசாரிக்கத் தக்கது. கீழே கையெழுத்து. பள்ளிக்கூட ரிப்போர்ட்டில் வருடத்துக்கு மூன்று தடவை அப்பா போட்டுக்கொடுத்த அதே கையெழுத்து, எச் எழுத்தின் கால் சுழித்து மேலே ஏறும். "அவரை எழுதச் சொல்லியிருப்பார்கள்," என்றார் ரைனியர். "அவர்கள் கேட்டிருப்பார்கள், இவர் பதில் போட்டிருப்பார்."  ஹிலேன், "கேட்டு வந்த கடிதம் எதுவும் இல்லை, மெனேர். தேடிப் பார்த்தேன். இரண்டு மாதம் தேடினேன்," என்றாள். யாரும் கேட்கவில்லை. யாரும் கேட்காமல், ஒரு நாள் காலை, அப்பா தொப்பியை மாட்டிவிட்டு, மேசையில் உட்கார்ந்து, மூன்றும் ஒன்றும் நான்கு என்று அவராகவே சரிபார்த்து, ஒன்று குறைகிறதே என்று அவராகவே எழுதி.

விசாரிக்கத் தக்கது. ஒன்பது நாளாக அந்தச் சொல் பல்லிடுக்கில் மாட்டிய நார் மாதிரி இருந்தது. பல் தேய்க்கும்போது வந்தது, முட்டை வேகும்போது வந்தது. எவ்வளவு மரியாதையான சொல். ஹிலேன் எதிரில் நிற்கும்போதே அவர் உதடு அதைச் சொல்லிப் பார்த்தது, அவர் சொல்லவில்லை, உதடு சொன்னது, நடிகனின் உதடு தாளில் எதைக் கண்டாலும் சொல்லிப் பார்க்கும், ரயில்வே அறிவிப்பாக இருந்தாலும் சரி. மெதுவாகத்தான் சொன்னார். ஆனால் அவள் நிமிர்ந்து பார்த்து, "டிவியில் நீங்கள் பேசுவது மாதிரியே இருக்கிறது," என்று சொல்லிவிட்டு, சொன்னதற்காகக் கழுத்துவரை சிவந்தாள். அவள் சொன்னது சரி. அதுதான் சரியாகப் போய் விழுந்தது. நாயகன் வேஷத்துக்கு உன் முகம் ஒத்துவராது என்று ஆர்ன்ஹெம் நாடகப் பள்ளியில் முதல் வருடமே சொல்லிவிட்டார்கள், நீண்ட முகம், வெளிர் கண், மெல்லிய உதடு. இருபத்தாறு வயதில் டிவி நாடகம் ஒன்றில் இரண்டே காட்சிக்கு ஒரு ஜெர்மன் கேப்டன் வேஷம் கிடைத்தது. பண்ணை வீட்டுக்குள் வர வேண்டும், கையுறையை விரல் விரலாகக் கழற்ற வேண்டும், மேசையைப் பார்த்து, "உங்கள் வீட்டில் தட்டு ஒன்று அதிகமாக இருக்கிறதே, அம்மா," என்று சொல்ல வேண்டும். மற்றவர்கள் எல்லாம் அந்த மாதிரி இடத்தில் குரைப்பார்கள். அவர் குரைக்கவில்லை. தொந்தரவுக்கு மன்னிக்க வேண்டும் என்கிற தொனியில், உதவி செய்ய வந்தவர் மாதிரி, அமைதியாகச் சொன்னார். காட்சி முடிந்ததும் இயக்குநர், "இந்தக் குரலை எங்கேயய்யா பிடித்தாய்?" என்றார். தெரியவில்லையே, வந்தது, என்றார் இவர். அப்புறம் அந்தக் குரலுக்காகவே கூப்பிட்டார்கள். இருபத்திரண்டு ஜெர்மன் அதிகாரிகள். உடை அறையில் அவர் அளவுக்கென்றே ஒரு நீளக் கோட்டு ஹேங்கரில் தொங்கியது. இறைச்சிக் கடைக்காரர் அவரைப் பார்த்தால் குதிகால் சேர்த்து சல்யூட் வைப்பார், கடையே சிரிக்கும், அவரும் சிரிக்க வேண்டும். லேவார்டன் ஸ்டேஷனில் ஒரு வயதான அம்மாள் அவரைப் பார்த்ததும் கைப்பையை மார்போடு அணைத்துக்கொண்டு அடுத்த பெட்டிக்குப் போனாள். படப்பிடிப்பு வேன்களில், அந்த உடையோடே உட்கார்ந்து, முழங்கால்மேல் நோட்டை வைத்துக்கொண்டு அவர் கதைகள் எழுதினார். இரண்டு தொகுப்பு வந்தது. யாரும் வாங்கவில்லை. தன்னுடைய உண்மையான முகம் அந்த நோட்டில்தான் இருக்கிறது என்று நம்பினார், இருபத்திரண்டு பேரையும் ஒருநாள் அதை வைத்துத் துடைத்துவிடலாம் என்று. ஐம்பத்தெட்டு வயதில் அப்பாவைப் பற்றி எழுதியது துடைத்தது. அதற்குப் பிறகு தாத்தா வேஷம் வந்தது, பிஷப் வந்தது, ஊர் டாக்டர் வந்தது. இறைச்சிக் கடைக்காரர் கவுன்ட்டரைச் சுற்றிக்கொண்டு வெளியே வந்து கையைக் குலுக்கினார். அந்தக் குரலைத் தொலைத்துவிட்டோம் என்றுதான் இருந்தார். எங்கே பிடித்தாய்? சாப்பாட்டு மேசையில் பிடித்தேன், ஐயா. உருளைக்கிழங்கு இருக்கிற பாத்திரத்தை இந்தப் பக்கம் தள்ள முடியுமா, ரைனியர், தொந்தரவு இல்லையென்றால், என்று சொல்லும் என் அப்பாவிடமிருந்து பிடித்தேன்.

ஒரு நிமிடம் தாண்டியிருக்கும். முன்வரிசையில் யாரோ இருமலை விழுங்கினார்கள். அப்பா செய்ய வேண்டியதைச் செய்தார். அம்மா சொன்னது அந்த ஒரே வரி. அவள் சாகிறதற்கு முந்தின கோடையில், அவர் கேட்டார், அம்மா, போரின்போது நகராட்சியில் அப்பா என்ன செய்தார், அம்மா பட்டாணி உரித்துக்கொண்டே, "உன் அப்பா செய்ய வேண்டியதைச் செய்தார்," என்றாள், அடுத்த பட்டாணியை எடுத்தாள். அதற்கு என்ன அர்த்தம் என்று அவர் கேட்கவில்லை. கேட்டிருக்கலாம். கேட்டால் அவள் சொல்லியிருப்பாளா? அவருக்கும் ஒரு நினைவு இருந்தது, நான்கு வயதோ ஆறு வயதோ இருக்கும், அப்பா கணப்படுப்பின் முன் குத்துக்காலிட்டு ஏதோ அட்டையோ காகிதமோ ஒவ்வொன்றாகப் போட்டுக்கொண்டிருக்கிறார், முகத்தில் சிவப்பு வெளிச்சம், அம்மா கதவருகில். அந்த வரியையும் இந்த வெளிச்சத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்ததும் ஒட்டிக்கொண்டது. ஒட்டுகிறதா என்றுதான் பார்த்தார், உண்மையா என்று பார்க்கவில்லை. மனைவி மார்ட்யே கைப்பிரதியை முழுக்கப் படித்துவிட்டு, கண்ணாடியைக் கழற்றி வைத்து, "நன்றாக இருக்கிறது, ரைனியர். ஆனால் இது அப்பாதானா?" என்றாள். அவருக்குக் கோபம் வந்தது. இரண்டு நாள் பேசவில்லை. மூன்றாம் நாள் அவளே வந்து பேசினாள், அதற்குப் பிறகு கேட்கவே இல்லை, ஐந்து வருடம் முன்பு அவளும் போய்விட்டாள். அப்பா அன்றைக்கு எதை எரித்தார்? போர் முடிகிற சமயமாக இருக்கலாம், வேறு நகல்களாக இருக்கலாம், இந்த மாதிரி இன்னும் எத்தனை நாலுவரி போயிற்றோ. இல்லை, ஒருவேளை வெறும் பழைய காகிதம்தானோ என்னவோ. குளிர்காலத்தில் எல்லார் வீட்டிலும் எதையாவது எரித்தார்கள். அதைக் கேட்க ஒருவரும் மிச்சமில்லை. இதே சதுக்கத்தில், இதே இரண்டு நிமிடத்தில், எட்டு வயதில், ஒன்பது வயதில், அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு நின்றிருக்கிறார். அந்தக் கை வேர்த்து வழுக்கும். அண்ணாந்து பார்த்தால் அப்பாவின் உதடு அசையும். பிரார்த்தனை என்று நினைத்துத் தானும் உதட்டை அசைப்பார்.

வரமாட்டேன் என்று சொல்லத்தான் நகராட்சிக்குப் போன் செய்தார். எடுத்த பெண், "ஐயோ மெனேர், நிகழ்ச்சி நிரலே அச்சாகிவிட்டதே, உடம்புக்கு ஏதாவதா?" என்றாள், இல்லை, ஒன்றும் இல்லை, சும்மா நேரத்தைத் தெரிந்துகொள்ளலாம் என்று, என்று சொல்லி வைத்துவிட்டார். அப்புறம் ஹெட்டிக்குப் போன் செய்தார். சொல்லிவிட வேண்டும் என்றுதான். அவள் எடுத்ததும், "இந்த வருடம் புதுக் கோட்டு வாங்கியிருக்கிறேன், பழையதைப் போட்டுக்கொண்டு வர வெட்கமாக இருந்தது," என்றாள். அவர், "நல்லது," என்றார். அதற்குப் பின் இரண்டு பேரும் போனைப் பிடித்துக்கொண்டு சும்மா இருந்தார்கள். அவள்தான் கடைசியில், "சரி, ரைனியர், அங்கே பார்ப்போம்," என்றாள். வேறு ஏதாவது வாசிக்கலாமே, ஏதாவது ஒரு கவிதை, இல்லாவிட்டால் வெறுமனே இரண்டு வார்த்தை என்று நேற்று முழுக்க மேசையில் உட்கார்ந்தார். முதல் வரியே வரவில்லை. என் அப்பா, என்று எழுதுவார், பேனா நின்றுவிடும். காலையில் கோட்டுப் பையில் நாற்பத்தோராம் பக்கத்தை வைத்தது தன் கைதான் என்று தெரியும், ஆனால் எப்போது வைத்தது? சொல்லாமல் வாசித்தால் என்ன ஆகும். அவள் கையைக் கோத்துக்கொண்டு ரயிலுக்கு நடப்பாள், சந்தோஷமாக. சொன்னால் என்ன ஆகும். முந்நூறு பேர் நடுவில், மைக்கில், ஓர் எழுபது வயதுப் பெண்ணிடம், நீ தப்பித்ததை என் அப்பாவால் பொறுக்க முடியவில்லை என்றா. கொடிக் கயிறு டக், டக். வலது கை பைக்குள் போய்த் தாளைத் தொட்டுப் பார்த்துவிட்டு வெளியே வந்தது. இது முடிய வேண்டாம், இந்த இரண்டு நிமிடம் இப்படியே போகட்டும், இரவாகட்டும், எல்லாரும் இங்கேயே இப்படியே நிற்கட்டும் என்று ஒரு குழந்தையைப் போல வேண்டிக்கொண்டார், வேண்டிக்கொண்டிருக்கும்போதே பித்தளை வாத்தியங்களை வாய்க்குக் கொண்டுபோகும் அரவம் கேட்டது, தேசிய கீதத்தின் முதல் சுரம் எழுந்தது.

கீதம் முடிந்தது. மேயர் அம்மாள் தலையசைத்தார். ஹெட்டி தன் கையை உருவிக்கொண்டாள், அவர் நடந்தார். ஏழு அடி. அந்த ஏழு அடிக்குள் ஒன்று தோன்றியது, பெயர்கள் வரைக்கும் வாசிப்பது, அங்கேயே நிறுத்திவிடுவது, மன்னியுங்கள் என்று மட்டும் சொல்லிவிட்டுத் திரும்பி வந்துவிடுவது. பக்கம் பெயர்களில்தான் தொடங்கியது. தாளைப் பிரித்தார். "அந்த வீட்டில் நான்கு பேர் இருந்தார்கள்," என்று வாசித்தார். "இஸாக் நோவாக். ரோசெட் நோவாக். ஒன்பது வயது மாவ்ரிட்ஸ். ஆறு வயது ஹெட்டி." நிறுத்தினார். ஒரு நொடி, இரண்டு, மூன்று. பறவை பாடிக்கொண்டிருந்தது. நான்கு. முந்நூறு முகமும் காத்திருந்தன, அவர் உணர்ச்சிவசப்பட்டுவிட்டார் என்று அவற்றில் கனிவு படர்வதைப் பார்த்தார். ஐந்து. இப்போது சொல், சொல்லடா. ஆறாவது நொடியில் வாய் திறந்தது, அதற்குப் பழகிப்போன அந்த இடத்தில், அதற்குப் பழகிப்போன ஏற்றத்தோடு, "அக்டோபரில் ஒரு வெள்ளிக்கிழமை மாலை என் அப்பா வழக்கத்தைவிடத் தாமதமாக வீட்டுக்கு வந்தார்," என்று சொன்னது. அவரோ பக்கத்தில் நிற்கும் வேறொருவர் மாதிரி அதைக் கேட்டுக்கொண்டிருந்தார். எங்கே தாழ வேண்டுமோ தாழ்ந்தது, எங்கே மூச்சு விட வேண்டுமோ விட்டது, அட்டை எரிந்து சுருளும் இடத்தில் ஒரு சின்ன நடுக்கம்கூடக் கொடுத்தது. ஒன்பது வருடத்தில் இவ்வளவு நன்றாக வாசித்ததில்லை.

திரும்பி வந்து பழைய இடத்தில் நின்றார். ஜனங்கள் பூக்களோடு வரிசை கட்ட ஆரம்பித்திருந்தார்கள். ஹெட்டி கையில் செய்தித்தாளில் சுற்றிய டூலிப் பூக்கள்.

"ஹெட்டி," என்றார். "உன்னிடம் ஒன்று சொல்ல வேண்டும்."

"அந்தக் கடிதமா?" என்றாள் அவள்.

அவர் அவள் பக்கம் திரும்பினார்.

"அந்தக் காப்பகத்துப் பெண் முதலில் எனக்குத்தான் எழுதினாள். குடும்பத்தில் மிஞ்சியவர்களுக்குத்தான் முதலில் தெரிவிக்க வேண்டுமாம், அவர்கள் விதி. மார்ச்சிலேயே எழுதிவிட்டாள்." செய்தித்தாளைப் பூக்களிலிருந்து பிரித்து, நான்காக மடித்து, புதுக் கோட்டின் பையில் வைத்தாள். "நீ போன் செய்தாயே, அன்றைக்குச் சொல்வாய் என்று இருந்தேன்."

"தெரிந்துமா வந்தாய்? தெரிந்துமா என் கையைப் பிடித்துக்கொண்டு..."

அவள் கல்லைப் பார்த்தாள். அதில் பதினோரு பெயர் இருந்தது, எல்லாம் சுட்டுக் கொல்லப்பட்ட ஊர் ஆண்கள். "இதில் அவர்கள் பேர் இல்லை, ரைனியர். வருடத்துக்கு ஒரு தரம் நீ வாசிக்கும்போதுதான் இந்த ஊர் அந்தப் பேர்களைக் கேட்கிறது. மாவ்ரிட்ஸ் என்று நீ சொன்னதும் அதோ அந்தப் பழுப்புத் தொப்பிக்காரர் நிமிர்ந்து பார்த்தார், கவனித்தாயா? அவனோடு ஒரே வகுப்பில் படித்தவர். ஒவ்வொரு வருடமும் அப்படி நிமிர்ந்து பார்ப்பார். அதைப் பார்க்கத்தான் வருகிறேன்."

"நான் நிறுத்தியிருக்க வேண்டும்."

"ஆமாம்," என்றாள். "நிறுத்தினாய், கொஞ்ச நேரம். நிறுத்திவிட்டாய் என்றே நினைத்தேன். பயந்துபோனேன்."

"பயமா? எதற்கு?"

"நிறுத்தினால் அடுத்த வருடம் யாரைக் கூப்பிடுவார்கள்?"

மேயர் அம்மாள் வந்து ஹெட்டிக்குக் கை கொடுத்தார். இரண்டு பேரும் கல்லை நோக்கிப் போனார்கள். ஹெட்டிக்கு முழங்கால் மடங்கவில்லை, மேயரின் தோளைப் பிடித்துக்கொண்டு, பாதி குனிந்து, மீதித் தூரத்துக்குப் பூக்களை எறிகிற மாதிரி விட்டாள். அவர் போய்த் தாங்கியிருக்கலாம். ஓரடி எடுத்துவைத்தார். அதற்குள் பழுப்புத் தொப்பிக்காரர் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு எதிரில் வந்து நின்றார், கண் கலங்கியிருந்தது. ரைனியரின் வலது கையைத் தன் இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, "உங்கள் அப்பா மாதிரி இந்த ஊரில் இன்னும் நாலு பேர் இருந்திருந்தால்," என்று ஆரம்பித்தார்.

"நன்றி," என்றார் ரைனியர்.